இதை எழுதாதே பாலா

பீர்க்கன்கரணை
22.11.1988

அறிவியல் டீச்சர் சபீஹா அவர்களுக்கு, செங்கல் சூளை பொன்னுரங்கம் எழுதிக்கொள்வது. உங்கள் பத்தாம் வகுப்பில் படிக்கும் பாலாம்பாளின் அப்பா நான். உங்கள் பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் கழகத் தலைவரும் நான்தான். மறந்திருக்க மாட்டீர்கள்.

நலம் விசாரிக்க எழுதவில்லை. ஞாயிற்றுக்கிழமை என் வீட்டில் நடந்தது உங்கள் காதுக்கு வர வேண்டும்.

எனக்கு மூன்றும் பெண். மூத்தவள் பாலா. ஆண் வாரிசு வேண்டுமே என்று பெரியவர்கள் கலந்து பேசி, என் மனைவி அஞ்சம்மாளின் தங்கை கிளியம்மாளையே நான் இரண்டாவதாகக் கட்டிக்கொள்வது என்று முடிவானது. அசலில் போய்ப் பெண் எடுக்கவில்லை. அக்காவும் தங்கையும் ஒரே வீட்டில் இருக்கப் போகிறார்கள், இதில் யாருக்கு என்ன குறை? எங்கள் வகையறாவில் இதற்கு ஒரு முறை உண்டு. மூத்தவள் தன் கையாலேயே தாம்பூலத் தட்டை எடுத்துப் பெண் வீட்டாரிடம் கொடுக்க வேண்டும். அவள் கொடுக்காவிட்டால் கல்யாணம் இல்லை. அஞ்சம்மாளும் தலையாட்டினாள். சிங்கப்பெருமாள் கோவிலில் இருந்து என் மாமனார் வீட்டார் வந்து கூடத்தில் உட்கார்ந்தார்கள். அஞ்சம்மாள் தட்டைக் கையில் எடுத்தும் விட்டாள். அப்போதுதான் உங்கள் மாணவி எழுந்து நின்றாள்.

"பொண்ணா புள்ளையான்றது அம்மா கையில இல்ல. அப்பா கிட்டருந்து வர்றதுதான். எங்க சயின்ஸ் புக்குல கீது. அம்மா இன்னா தப்பு பண்ணாங்க?"

கூடம் நிறைய ஆட்கள். என் மாமனார் குனிந்து வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவ ஆரம்பித்தார். அஞ்சம்மாள் தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சமையலறைக்குப் போனாள். அதற்குப் பிறகு அதைத் தொடவே இல்லை.

விசாரித்தேன். அந்தப் பாடம் வந்தால் பெண் பிள்ளைகளைத் தையல் அறைக்கு அனுப்பிவிட்டுப் பையன்களுக்கு மட்டும் சொல்லித் தருவதுதான் பள்ளியின் வழக்கமாம். நீங்கள் இந்த வருஷம் வந்தவர். வந்ததும் வராததுமாகப் பெண்களை முன் பெஞ்சில் உட்கார வைத்து அந்தப் பாடத்தை நடத்தினீர்களாம்.

நான் கேட்பது ஒரே ஒரு வரி. 'நான் நடத்தியது தவறு, பிள்ளை ஆணா பெண்ணா என்பது தாயைப் பொறுத்தது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். அஞ்சம்மாளுக்குப் படித்துக் காட்ட வேண்டும். அது வரும்வரை பாலா பள்ளிக்கு வர மாட்டாள். மார்ச் கடைசியில் அரசுத் தேர்வு தொடங்குகிறது என்பது எனக்கும் தெரியும். நீங்கள் இருக்கும்வரை நானும் பள்ளி வாசலை மிதிக்க மாட்டேன்.

உங்கள் அப்பா பாட்சா பாய் தாம்பரம் மார்க்கெட்டில் என் கைக்கடிகாரத்தைப் பழுது பார்ப்பவர். அவர் முகத்துக்காகத்தான் இவ்வளவு மரியாதையாக எழுதுகிறேன். இந்த டீச்சருக்கு வாய் ஜாஸ்தி, இதை எழுதாதே பாலா.

இப்படிக்கு
பொன்னுரங்கம்


தாம்பரம்
26.11.1988

மதிப்பிற்குரிய பொன்னுரங்கம் அண்ணனுக்கு சபீஹா வணக்கத்துடன் எழுதுவது.

கடிதம் கிடைத்தது. உறையைப் பார்த்ததுமே கையெழுத்து யாருடையது என்று தெரிந்துவிட்டது. படம் வரைந்து பாகம் குறிக்கும்போது இவ்வளவு சீராக எழுதுகிறவள் என் வகுப்பில் ஒருத்திதான். பள்ளியை விட்டு நிறுத்திய பெண்ணையே உட்கார வைத்து, நிறுத்திவிட்டேன் என்று கடிதம் எழுத வைத்திருக்கிறீர்கள். அவளும் நீங்கள் சொன்னதைக் கடைசி வார்த்தை வரை எழுதியிருக்கிறாள். எனக்கு வாய் ஜாஸ்திதான், ஒப்புக்கொள்கிறேன்.

நேரில் வந்து பேசலாம் என்று கிளம்பினேன். மாணவி வீட்டுப் படி ஏறக்கூடாது என்று தலைமையாசிரியை தடுத்துவிட்டார். நீங்களோ பள்ளி வாசலை மிதிக்க மாட்டீர்கள். பக்கத்துப் பக்கத்து ஊரில் இருந்துகொண்டு நாம் தபால்காரரை அலைய விட வேண்டியதுதான்.

நீங்கள் கேட்ட வரியை எழுதித் தர மாட்டேன். பாடம் சரி, அதை நடத்தியதும் சரி. தாயிடமிருந்து பிள்ளைக்குப் போவது எப்போதும் ஒரே வகை. தகப்பனிடமிருந்து போவதில் இரண்டு வகை உண்டு. அதில் எது போய்ச் சேருகிறதோ அதை வைத்துத்தான் ஆணும் பெண்ணும். நீங்கள் சூளை வைத்திருப்பவர். கல் எந்த நிறத்தில் வருகிறது என்பதற்கு மண்ணைப் பார்ப்பீர்களா, சூளையைத் திட்டுவீர்களா? அதற்காக உங்கள் மேல் தப்பு என்றும் நான் சொல்லவில்லை. யார் நினைத்தும் நடக்கிற காரியம் அல்ல அது. அஞ்சம்மாள் அக்கா தலையில் இத்தனை வருஷம் அந்தப் பழியைச் சுமத்தியதுதான் தப்பு. நம்பிக்கை இல்லாவிட்டால் எந்த டாக்டரிடம் வேண்டுமானாலும் கேளுங்கள்.

தையல் அறை பற்றி எழுதியிருந்தீர்கள். நான் பத்தாவது படித்தபோது எங்களையும் அப்படித்தான் அனுப்பினார்கள். பையன்கள் உள்ளே பாடம் கேட்டார்கள், நாங்கள் பொத்தானுக்குக் காஜா எடுத்தோம். தேர்வில் அந்தப் பாடத்திலிருந்து ஒரு பெரிய கேள்வி வந்தது. பையன்கள் எழுதினார்கள். நாங்கள் இடம் விட்டுவிட்டு வந்தோம். அறிவியலில் முதலாவதாக வர வேண்டியவள் நான். அந்த ஆத்திரம் எனக்கு இன்னும் அடங்கவில்லை அண்ணா. அடங்கவும் வேண்டாம் என்றுதான் அறிவியல் டீச்சர் ஆனேன். இப்போதும் நான் காஜா எடுத்தால் தையல்கடைக்காரர் எடுத்தது போலவே இருக்கும். வேண்டுமானால் உங்கள் சட்டைக்கு எடுத்துத் தருகிறேன். அந்த ஒரு வரியை மட்டும் கேட்காதீர்கள்.

அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பாடம் சரிதானே என்று மட்டும் கேட்டுவிட்டுக் கடிகாரத்துக்குள் குனிந்துகொண்டார்.

பாலாவை அனுப்பி வையுங்கள். அரையாண்டுத் தேர்வு வருகிறது.

சபீஹா


பீர்க்கன்கரணை
5.12.1988

சபீஹா டீச்சருக்கு,

உங்கள் கடிதத்தைப் பாலா படித்தாள். சூளை என்று வந்த இடத்தில் அஞ்சம்மாள் சமையலறையில் சிரித்த மாதிரி எனக்குக் காதில் விழுந்தது. என் வீட்டில் எனக்கு எதிராக ஒரு கட்சி கட்டிவிட்டீர்கள்.

தட்டு பூஜை அலமாரி மேல் அப்படியே இருக்கிறது. வெற்றிலை காய்ந்து சருகாகிவிட்டது. அஞ்சம்மாள் சோறு வடிக்கிறாள், எனக்கு வெந்நீர் வைக்கிறாள், பெரியவர்களுக்கு மரியாதை எல்லாம் குறைவில்லாமல் நடக்கிறது. தட்டு என்று நான் வாயெடுத்தால் மட்டும் துடைப்பத்தை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய்விடுகிறாள். பதினேழு வருஷத்தில் அவள் எனக்கு எதிர்வார்த்தை சொன்னதில்லை. இப்போதும் வாயைத் திறந்து ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் பேஜாராக இருக்கிறது.

எனக்குப் படிப்பின் மேல் விரோதம் இல்லை. பள்ளிச் சுற்றுச்சுவருக்குக் கல் என் சூளையிலிருந்துதான் போனது. ஆனால் ஒன்றை யோசியுங்கள். இந்த மாதிரி விஷயத்தைப் பையன் தெரிந்துகொண்டால் டீக்கடையில் பேசிவிட்டுப் போவான். பெண் தெரிந்துகொண்டால் வீட்டுக்குள் வந்து பேசுகிறாள். அதனால்தான் அந்தக் காலத்து ஆட்கள் தையல் அறை கட்டி வைத்தார்கள்.

ஏரிக்கரை நிலத்தை எல்லாம் மனைபோட்டு விற்றாகிவிட்டது. மிச்சம் இருப்பது சூளை ஒன்றுதான். என் தாத்தா, அப்பா, நான். எனக்குப் பிறகு அந்த இடத்தில் யார் நிற்பது? பாலா வந்து கல் எண்ணுவாளா? இந்தக் கவலை உங்கள் புத்தகத்தில் எந்தப் பக்கத்தில் இருக்கிறது?

கொஞ்ச நாள் பார்ப்பேன். வரி வராவிட்டால் உங்களை எங்கே அனுப்ப வேண்டுமோ அங்கே அனுப்ப எனக்கு ஆள் இருக்கிறது.

பொன்னுரங்கம்


கேளம்பாக்கம்
22.12.1988

அன்புள்ள பொன்னுரங்கம் அண்ணனுக்கு,

உங்கள் ஆள் கெட்டிக்காரர். கடிதம் வந்த வாரமே மாற்றல் உத்தரவும் வந்துவிட்டது. நிர்வாகக் காரணம் என்று போட்டிருந்தார்கள். நான் உங்கள் பெயரை நினைத்துச் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டேன்.

வண்டலூர் வழியாக வரும் பேருந்தை நம்பித் தினமும் வந்து போக முடியாது. உப்பளத்துக்குப் பக்கத்தில் ஒரு அறை எடுத்துத் தங்கியிருக்கிறேன். ராத்திரி காற்றில் துணி உப்புப் பூத்துவிடுகிறது. மற்றபடி சௌகரியம்தான். இந்தப் பள்ளியில் தையல் அறை கிடையாது. அந்தப் பாடம் வந்தால் பெண்களைப் புங்கமரத்தடிக்கு அனுப்புவார்களாம். முதல் வாரத்திலேயே நடத்திவிட்டேன். மரத்தடியில் இப்போது ஆடுகள் மட்டும்தான் படுத்திருக்கின்றன. நீங்கள் என்னை இன்னும் நாலு ஊருக்கு மாற்றினால் செங்கல்பட்டு மாவட்டம் பூராவும் அந்தப் பாடம் நடந்துவிடும். யோசித்துச் செய்யுங்கள்.

சூளையில் யார் நிற்பது என்று கேட்டீர்கள். நியாயமான கவலை, அதைக் கேலி செய்ய மாட்டேன். பாலா வந்து கல் எண்ணுவாளா என்றும் கேட்டீர்கள். நீங்கள் அவளைக் கேட்டுப் பார்த்ததுண்டா? வகுப்பில் கணக்கில் அவள் விட்டுக்கொடுத்து நான் பார்த்ததில்லை.

தேர்வு விண்ணப்பம் அக்டோபரிலேயே உங்கள் கையெழுத்துடன் போய்விட்டது. அதனால் ஹால் டிக்கெட் வரும். அவள் போய் உட்கார வேண்டியதுதான் பாக்கி. ஆகவே இந்தக் கடிதத்தை உங்களுக்குப் படித்துக் காட்டுகிறவளுக்கு மூன்று கேள்விகள் தருகிறேன். நீங்களும் கேட்டுக்கொண்டு இருங்கள், காசா பணமா. ஒன்று, இதயத்தில் அறைகள் எத்தனை, அவற்றின் பெயர் என்ன? இரண்டு, குழி ஆடி எங்கெங்கே பயன்படுகிறது? மூன்று, உப்பு நீரிலிருந்து உப்பைப் பிரிப்பது எப்படி? மூன்றாவது கேள்விக்கு விடை என் ஜன்னலுக்கு வெளியே தெரிகிறது.

விடைகளை உங்கள் அடுத்த கடிதத்தின் அடியில் எழுதட்டும். நீங்கள் அனுமதித்தால்.

சபீஹா


பீர்க்கன்கரணை
24.1.1989

சபீஹா டீச்சருக்கு,

பொங்கல் போய்விட்டது. சொல்லக் கூச்சமாகத்தான் இருக்கிறது, சொல்லிவிடுகிறேன். டாக்டரிடம் போனேன். தாம்பரத்தில் ஒரு லேடி டாக்டர். நீங்கள் எழுதியதை அப்படியே சொன்னார். பொம்பளைக்குப் பொம்பளை விட்டுக்கொடுக்க மாட்டார்கள் என்று செங்கல்பட்டு போய் வயசான ஆம்பளை டாக்டராகப் பார்த்துக் கேட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டுச் சிரித்தார். இத்தனை வயசுக்கு இது தெரியாதா என்றார். எங்களுக்கு யார் சொல்லிக்கொடுத்தார்கள்?

போகட்டும், இந்தக் கல்யாணத்தை எப்படியாவது முடிப்போம் என்று மாமனார் வீட்டுக்குப் போனேன். அஞ்சம்மாளுக்குப் பதிலாக என் அக்கா தட்டைக் கொடுக்கட்டும் என்று பேசிக்கொண்டிருந்தோம். காபி கொண்டுவந்த கிளியம்மாள் டம்ளரை வைத்துவிட்டு நின்றாள்.

"மாமா, எனக்கும் பொண்ணு பொறந்தா மூணாவதா யாரைக் கட்டுவீங்க? எங்க வூட்ல வேற தங்கச்சி இல்லியே?"

பத்தொன்பது வயசுப் பெண் டீச்சர். இத்தனை நாளாக என் முன்னால் நிமிர்ந்து பார்த்ததில்லை. மாமனார் அவளை உள்ளே போ என்று சொல்வார் என்று பார்த்தேன். அவரும் என் பதிலுக்குக் காத்துக்கொண்டிருந்தார். செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்தப் பேச்சு அதோடு முடிந்தது. ஆனால் ஊர் சிரிக்கிறதே, அதற்கு என்ன செய்வது? பாலாவை இனிப் பள்ளிக்கு அனுப்பினால் வாயாடியை மெச்சிக்கொண்டது போல் ஆகும். ஊரப்பாக்கத்தில் மளிகைக்கடை வைத்திருக்கும் குப்புராஜ் என்று நல்ல பையன் ஒருவன் இருக்கிறான். பங்குனியில் பாலாவுக்குக் கல்யாணம் என்று பேசியிருக்கிறோம். இதையும் அவள்தான் எழுதிக்கொண்டிருக்கிறாள். கை எங்கேயும் தயங்கி நிற்கவில்லை.

முன்பு கேட்ட வரி இனி வேண்டாம். வேறு ஒரு வரியாவது கொடுங்கள். 'இது தேர்வுக்கு மட்டும் படிக்கிற பாடம், வீட்டில் பேசுவதற்கு அல்ல' என்று எழுதுங்கள். நாலு பேர் முன்னால் படிக்கச் சொல்கிறேன். எனக்கும் முகம் என்று ஒன்று இருக்கிறது.

கீழே ஏதோ எழுத இடம் கேட்கிறாள். எழுதட்டும், தாள் வீணாகப் போக வேண்டாம்.

பொன்னுரங்கம்


கேளம்பாக்கம்
6.2.1989

பொன்னுரங்கம் அண்ணனுக்கு,

முதலில் விடைத்தாள். மூன்றில் இரண்டு சரி. குழி ஆடி வாகனத்தில் பின்னால் வருவதைப் பார்க்க உதவும் என்று எழுதியிருக்கிறாள். அது குவி ஆடி. பள்ளிக்கு வந்திருந்தால் இந்தத் தவறு வந்திருக்காது. அதற்கு நீங்கள்தான் பொறுப்பு.

இரண்டாவது வரியும் தர மாட்டேன். வீட்டில் பேச உதவாத பாடம் எதற்கு அண்ணா? பாலாவுக்கு இன்னும் பதினாறு முடியவில்லை. இந்தக் கல்யாணம் சட்டப்படி குற்றம். எழுதிக் கொடுக்க வேண்டிய இடத்தில் எழுதிக் கொடுப்பேன். அதை உங்களிடம் மறைக்கவும் இல்லை. ஆனால் அதற்கு முன்னால் உங்களிடம் ஒன்றைச் சொல்ல வேண்டும். பாலா, இங்கிருந்து நீ தயங்காமல் சத்தமாகப் படி.

உங்களுக்கு வேகமாகப் படிக்க வராது என்பது எனக்குத் தெரியும். பெற்றோர் கூட்டத்தில் தீர்மானத்தைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு நன்றாக இருக்கிறது என்றீர்கள். இது குறை என்று நான் சொல்ல வரவில்லை. உங்களை மூன்றாவதோடு நிறுத்திச் சூளைக்கு அனுப்பினார்கள், அதுவும் ஒரு தையல் அறைதான். உங்கள் வீட்டில் அஞ்சம்மாள் அக்காவுக்கும் படிக்கத் தெரியாது, பாலாவின் தங்கைகள் இன்னும் எழுத்துக் கூட்டுகிறவர்கள். ஆக, இத்தனை மாதமாக நீங்கள் எனக்கு என்ன எழுதினீர்கள், நான் உங்களுக்கு என்ன எழுதினேன் என்பது பாலா சொல்லித்தான் உங்களுக்குத் தெரியும்.

அவள் நினைத்திருந்தால் என்ன வேண்டுமானாலும் செய்திருக்கலாம். நீங்கள் திட்டச் சொன்ன இடத்தில், மன்னித்துக்கொள்ளுங்கள் டீச்சர் என்று எழுதியிருக்கலாம். டீச்சர் அந்த வரியை எழுதிக் கொடுத்துவிட்டார் என்று உங்களிடம் படித்துவிட்டு அடுத்த நாளே புத்தகப் பையைத் தூக்கியிருக்கலாம். யாருக்குத் தெரியப்போகிறது? பாலா ஒரு வார்த்தையைக்கூட மாற்றவில்லை. எழுதாதே என்று சொன்னதைக்கூட எழுதினாள். போன கடிதத்தில் தன் கல்யாணத்தையே தன் கையால் எழுதினாள். அந்த இடத்தில் கை நிற்கவில்லை என்று நீங்களே பார்த்துச் சொன்னீர்கள். அதைப் படித்துவிட்டு நான் அழுதேன் அண்ணா. எனக்குச் சட்டென்று அழுகை வராது.

தனக்குக் கேடு வந்தாலும் இருப்பதை இருப்பது போல் சொல்கிற பெண் அவள். அன்றைக்குக் கூடத்தில் எழுந்து நின்றதும் அதே பெண்தான். கடிதத்தில் அவளை நம்புகிறீர்கள், கூடத்தில் மட்டும் ஏன் நம்பவில்லை? சூளைக்கு வாரிசு தேடி நீங்கள் சிங்கப்பெருமாள் கோவில் வரை போனீர்கள். உங்கள் கணக்கை நம்பி ஒப்படைக்க இவளை விட ஒரு ஆள் எந்த ஊரில் கிடைப்பார்?

இனி நான் எழுதுவதற்கு ஒன்றும் இல்லை. பதில் எழுதத் தோன்றினால் எழுதுங்கள்.

சபீஹா


பீர்க்கன்கரணை
5.4.1989

டீச்சரம்மாவுக்கு பொன்னுரங்கம் எழுதுவது.

இது என் கை எழுத்து. கோணலாக இருக்கும். காலையில் உட்கார்ந்தேன். வெயில் ஏறிவிட்டது. இவ்வளவுதான் வந்திருக்கிறது.

உங்கள் கடிதத்தைப் பாலா படித்தது. தலைகீழ் என்ற இடம் வந்ததும் நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தது. நான் படி என்றேன். முழுக்கப் படித்தது. மறுபடி முதலில் இருந்து படி என்றேன். படித்தது. ஏன் மாத்தி எழுதல என்று கேட்டேன்.

"நீங்க சொன்னதத்தான எழுதணும்?"

மறுநாள் ஊரப்பாக்கம் போய் குப்புராஜ் வீட்டாரிடம் கல்யாணம் இல்லை என்று சொல்லிவிட்டு வந்தேன். அவர்களுக்குக் கோபம். இருக்கட்டும்.

பள்ளிக்குப் போய் ஹால் டிக்கெட்டை நானே வாங்கினேன். நீங்கள் அங்கே இல்லாததால் என் சபதமும் கெடவில்லை. மாற்றல் வாங்கியது நான்தான். திருப்பி வாங்கித் தரட்டுமா என்று கேட்க வேண்டும். ஆடு படுக்கிற மரம் நினைப்பு வந்தது. நீங்களே சொல்லுங்கள்.

போன மாதச் சூளைக் கணக்கு பாலாதான் பார்த்தது. ஆயிரம் கல்லை நான் எண்ணாமல் விட்டிருக்கிறேன். கண்டுபிடித்துவிட்டது. வாய் ஜாஸ்தி.

இன்றைக்கு விடிந்ததும் அஞ்சம்மாள் அலமாரி மேல் இருந்த தட்டை எடுத்தாள். நான் எழுந்து நின்றுவிட்டேன். சருகைக் கொட்டிவிட்டுப் புளி போட்டுத் தேய்த்தாள். ஹால் டிக்கெட், பேனா, ஒரு முழம் பூ வைத்து பாலா கையில் கொடுத்தாள். அவள் கொடுத்தால்தான் செல்லும். எங்கள் முறை அது.

எழுத்துப் பிழை நிறைய இருக்கும். பாலா பார்த்தால் திருத்தும். அதற்குள் தபாலில் போட்டுவிடுகிறேன். இன்றைக்கு எழுத ஆள் இல்லை. சயின்ஸ் பரீட்சைக்குப் போயிருக்கிறது.

பொன்னுரங்கம்